ஸ்பிரிங்வேலில் ஒரு கனடியன்

சனிக்கிழமை காலை எட்டரைக்கு மெல்பேணின் ரோவிலிலிருந்து புறப்பட்டோம். கார் ஓட்டியது என் பள்ளித் தோழன் சிவபாலன்; பின்னால் அவன் மனைவி கௌரி. நான் ரொறன்ரோவிலிருந்து வந்து ஐந்து நாள்.

"மெல்பேணுக்கு வந்து ஆராவது சுடலை பாக்கப் போவினமோ?" கௌரிக்கு வாய் சும்மா இராது.

கனடியச் சிப்பாய் ஒருவனின் கல்லறையைப் படம் எடுத்து வரும்படி தெரிந்த பிள்ளையொன்று கேட்டது என்று சொல்லிவைத்தேன். அந்தப் பிள்ளை என் மகள் அபிரா. கனடா ஆமியில் சேர்ந்துவிட்டாள். வருகிற வாரம் ரஷ்ய எல்லையோரம், லத்வியாவுக்கு அனுப்புகிறார்கள். சிவபாலனின் தம்பியை யாழ்ப்பாணத்தில் ஆமி ஏற்றிக்கொண்டு போனது. பிறகு தகவலே இல்லை. அவனிடம் இதை எந்த வாயால் சொல்வது?

ஸ்பிரிங்வேல் பன்னிரண்டு கிலோமீற்றர். வழியில் வாங்கிய பூங்கொத்து பதினைந்து டொலர், அநியாய விலை. போர்க்கல்லறைகள் எல்லாம் ஒரே உயரம், புல் ஒட்ட வெட்டியிருந்தது. இரண்டாம் உலகப் போரில் ஜப்பானியரின் வானொலிச் செய்திகளை ஒட்டுக்கேட்கக் கனடியர் சிலர் ஆஸ்திரேலியாவின் வடக்குக்கு வந்தார்கள். அவர்களில் ஒருவன் இங்கே கிடக்கிறான். கல்லில் மேப்பிள் இலை, பெயர், வயது இருபத்தொன்று. காயமா காய்ச்சலா என்று எழுதவில்லை. அடியில் வீட்டார் ஒரு வரி பொறிக்கலாம். இவனுக்கு அந்த இடம் வெறுமையாக இருந்தது.

"தாய் தேப்பன் கோவத்தில விட்டிட்டினமோ?" என்றான் சிவபாலன்.

பூங்கொத்தைக் கல்லடியில் வைத்துவிட்டுப் படம் எடுத்தேன். நான் மகளோடு கோவத்தில் பேசாமல் விட்டு ஆறு மாதம்; படம் கேட்டதும் தாய் மூலம்தான்.

"மச்சான், படம் கேட்டது என்ரை மகள். அவள் ஆமியில. வாற கிழமை போறாள்."

அவன் காருக்கு நடந்தான்.

அடுத்து த பேசின் என்ற மலையடிவார ஊரின் பிள்ளையார் கோயில் என்பது ஏற்பாடு. சுடலைக்குப் போன உடுப்போடு கோயிலுக்குப் போக முடியுமா? வீடு திரும்பி மூவரும் முழுகினோம். 'நான் வரேல்லை' என்று சிவபாலன் சொல்லிவிடுவான் என்று பயந்துகொண்டிருந்தேன். பதினொன்றரைக்கு அவனே கார்த் திறப்பை எடுத்துக் காரைக் கிளப்பினான். மலையடிவாரம்வரை கௌரிகூட வாயை மூடிக்கொண்டு வந்தாள்.

ஐயர் அருச்சனைத் தட்டை வாங்கினார். "ஆற்றை பேருக்கு?"

சிவபாலன் என் பக்கம் திரும்பினான்.

"பிள்ளையின்ரை நட்சத்திரம் என்னடா?"

"உத்தரம்."

"அபிரா, உத்தரம்," என்று அவனே ஐயரிடம் சொன்னான். "எங்கடை பிள்ளை, ஐயா. ஆமியில இருக்கிறா. வீட்டை திரும்பி வரவேணும் எண்டு சொல்லிச் செய்யுங்கோ."