தியாகியின் தோளைப் பிடித்துக்கொண்டு

ஒரகடத்தில் வேலைக்குச் சேர்ந்த புதிதில் சேரப்பணஞ்சேரியில் ஓர் அறையில் தங்கியிருந்தேன். கம்பெனி பஸ் வரும் இடத்தில் சுதந்திரப் போராட்டத் தியாகி ஒருவரின் சிலை உண்டு. தினமும் அதன் நிழலில்தான் நிற்பேன். அவர் யாரென்று நிமிர்ந்து பார்த்ததில்லை. என் கண்ணெல்லாம் எதிர் விடுதியிலிருந்து வரும் பெண்கள் மேல்தான்.

அவருடைய பிறந்தநாளன்று காலையில் சிலர் குட்டியானை லோடு வண்டியில் மாலையும் இரும்பு ஏணியுமாக வந்திறங்கினார்கள். ஏறிய ஆளுக்குக் கை எட்டவில்லை. வெள்ளை வேட்டிக்காரர் ஒருவர் என்னிடம் வந்தார்.

"தம்பி, நீ நல்ல ஒசரமா கீற. ஏறி மாலைய போட்டுடேன்."

உயரம் என்றாலே எனக்குப் பயம். ஆனால் அந்தப் பெண்கள் பார்த்துக்கொண்டிருந்தார்கள். "அதுக்கென்ன அண்ணாச்சி" என்று ஏறிவிட்டேன்.

மாலை விழுந்தது. கைதட்டினார்கள். "ஏணி மறைக்குது, எடுங்கப்பா" என்றார் போட்டோக்காரர். எடுத்தார்கள். பீட விளிம்பில் நின்றபடி தியாகியின் தோளைப் பிடித்துக்கொண்டு நெஞ்சை நிமிர்த்திச் சிரித்தேன். படம் முடிந்ததும் ஏணியை வண்டியில் போட்டுக்கொண்டு பென்னலூரில் இருக்கும் அடுத்த சிலைக்குக் கிளம்பிவிட்டார்கள்.

"அண்ணாச்சி! ஏணி!" என்று கத்தினேன்.

கோஷம் என்று நினைத்தார்கள் போல. வண்டியிலிருந்து "வாழ்க! வாழ்க!" என்று பதில் வந்தது.

அப்போது பார்த்து கம்பெனி பஸ் வந்தது. ஜன்னலிலிருந்து சூப்பர்வைசர் தலையை நீட்டினார். "டேய், அங்க இன்னா பண்ற? ஷிஃப்டுக்கு வர்லியா?"

"ஏணிய கொண்டுபோயிட்டாவ சார்!"

"குதிடா!"

கீழே பார்த்தேன். கண்ணை மூடிக்கொண்டு தியாகியை இன்னும் இறுக்கிக் கட்டிக்கொண்டேன். பஸ் சிரித்துக்கொண்டே போனது. அதில் ஏறியிருந்த பெண்களில் ஒருத்தி ஜன்னல் வழியாக வீடியோ எடுத்தாள்.

பக்கத்து டீக்கடை அக்கா ஈரத்துணியைச் சுருட்டி மேலே எறிந்தார். "சும்மாதான நின்னுகினு கீற? அவுரு மேல காக்கா எச்சம் கீது, தொடச்சி வுடு."

ஒரு கையால் பிடித்துக்கொண்டு மறு கையால் துடைத்தேன். "அக்கா, இவரு யாரு?"

"இத்தினி நாளா அவுரு காலாண்டதான நிக்கிற!" என்று திட்டிவிட்டு, கல்வெட்டைப் பார்த்துச் சொன்னார். வெள்ளைக்காரன் எவ்வளவு அடித்தும் கூட்டாளிகளைக் காட்டிக்கொடுக்காமல் சிறையில் கிடந்தவராம்.

எனக்குச் சுருக்கென்றது. ஏறிய கொஞ்ச நேரத்துக்குள் நான் வேட்டிக்காரரையும் போட்டோக்காரரையும், அடையாளம் உட்பட, ஏன் அங்கே நிற்கிறாய் என்று கேட்டவர்களிடமெல்லாம் காட்டிக்கொடுத்திருந்தேன்.

கடைசியில் டீ குடிக்க வந்த லாரி டிரைவர் ஒருவர்தான் வண்டியைப் பீடத்தை ஒட்டிப் பின்னால் எடுத்து நிறுத்தினார். லோடை மூடியிருந்த தார்ப்பாயில் உட்கார்ந்தபடியே சறுக்கி இறங்கினேன். கம்பெனி வாசல்வரை கொண்டுவந்து விட்டவர், "இனிமே மாலைய கீழ நின்னே போடு ராசா" என்றார்.

உள்ளே போவதற்குள் வீடியோ எங்கள் அசெம்பிளி லைன் முழுக்கச் சுற்றியிருந்தது. அன்றிலிருந்து எனக்குப் பேர் 'தியாகி'. முதலில் சண்டைக்குப் போனேன். இப்போது சொந்தப் பேரைச் சொல்லிக் கூப்பிட்டால், வேறு யாரையோ கூப்பிடுகிறார்கள் என்று திரும்பாமலே போய்விடுகிறேன்.