நியூயோர்க்கின் தலைநகரம்

எங்கள் பங்குத் திருவிழாவையொட்டிக் தேவாலயத்தின் கீழ்மண்டபத்தில் பிள்ளைகளுக்குப் பொது அறிவுப் போட்டி வைப்பார்கள். இரண்டாயிரத்து நான்கோ ஐந்தோ, கேள்வி கேட்கிற பொறுப்பு என் தலையில் விழுந்தது. மொன்றியல் துறைமுகத்துப் பக்கம் ஒரு கிடங்கில், அமெரிக்காவுக்குப் போகிற பெட்டிகளில் முகவரி ஒட்டுவதுதான் என் வேலை. அதனால் அமெரிக்கா எனக்குத் தண்ணிபட்ட பாடு என்று பங்குச் சனத்துக்கு ஒரு நினைப்பு. எனக்கும் அந்த நினைப்பு இருந்தது.

கேள்விகளை எழுதினேன். பதில்களை எழுதவில்லை, எல்லாம் தெரிந்தவைதானே. கடைசிச் சுற்றில் என் மகளும் இன்னொரு பிள்ளையும் சமமாக நின்றார்கள். மகளுக்குப் பத்து வயது. பரிசு வாங்கப் போடவேண்டிய சட்டையை முதல் நாளே எடுத்து வைத்திருந்தாள். நியூயோர்க் மாநிலத்தின் தலைநகரம் எது என்று அவளிடம் கேட்டேன்.

"அல்பனி" என்றாள், யோசிக்காமல்.

எனக்குக் குழப்பமாகிவிட்டது. பெட்டிகளில் பார்த்த பெயர்தான், ஆனால் ஏதோ சின்ன ஊர் என்றல்லவா நினைத்திருந்தேன். கேட்பது தகப்பன், சொல்வது மகள். கொஞ்சம் இழுத்தாலும் பக்கச்சார்பு என்று கதை கிளம்பும். அவசரமாக மைக்கில், "பிழை. நியூயோர்க்" என்றேன். மண்டபத்தில் ஒருவரும் மறுக்கவில்லை. மற்றப் பிள்ளை தன் கேள்விக்குச் சரியாகச் சொல்லிக் கிண்ணத்தை வாங்கியது. சிலர் என் நேர்மையைக் கைகொடுத்துப் பாராட்டினார்கள். மகள் வீட்டுக்கு வந்ததும் அந்தச் சட்டையைக் கழற்றி மடித்து உள்ளே வைத்தாள். தோற்ற கவலையாக்கும் என்று விட்டுவிட்டேன்.

அந்தக் கோடையில் ஒரு கலியாணத்துக்காக நியூயோர்க் நகரத்துக்குக் காரில் போனோம். எல்லை தாண்டிச் சில மணி நேரத்தில், பெற்றோல் அடிக்க இறங்கிய கடையின் சுவரில் மாநிலத்தின் வரைபடம் ஒன்று தொங்கியது. அதில் அல்பனிக்கு ஒரு நட்சத்திரம் போட்டு, தலைநகரம் என்று எழுதியிருந்தது.

அவ்வளவு பெரிய பட்டினம் இருக்க இந்த ஊருக்கு எதற்குத் தலைநகரப் பட்டம்? எனக்கு விளங்கவில்லை. விளங்காமல் போனதற்கு நியாயமும் இல்லை. மொன்றியலில் இருந்துகொண்டே, கியூபெக்கின் தலைநகரம் கியூபெக் நகரம் என்று குடியுரிமைச் சோதனைக்குப் பாடமாக்கியவன் நான். ஊரில் இலங்கையின் தலைநகரம் கொழும்பு என்று படித்து, பிறகு ஸ்ரீ ஜயவர்த்தனபுரம் என்று மாற்றிப் படித்து, கடைசிவரை கொழும்பென்றே சொல்லித் திரிந்தவனும் நான்தான். இவ்வளவும் தெரிந்த மண்டைக்கு அன்றைக்கு என்ன வந்தது?

காருக்குத் திரும்பி, "அல்பனிதானாம் பிள்ளை தலைநகரம். நீ சொன்னதுதான் சரி" என்றேன்.

சிரிப்பாள் என்று பார்த்தேன். அவள் குழம்பிப்போய் என்னைப் பார்த்தாள்.

"அப்ப ஏன் அப்பா பிழையெண்டு சொன்னீங்கள்? பிறகு பள்ளிக்கூடச் சோதினையில நீங்கள் சொன்னமாதிரி நியூயோர்க் எண்டுதான் எழுதினனான். ரீச்சர் வெட்டிப்போட்டா. ரீச்சருக்குத்தான் தெரியேல்லை எண்டு நினைச்சன்."

எனக்கு அழுகை வந்தது. நான் பிழை விட்டிருப்பேன் என்று மட்டும் அவளுக்குத் தோன்றவேயில்லை.