எதிர் இருக்கைத் தகப்பன்

ஷாஃப்ஹவுசனிலிருந்து சூரிச் போகும் ரயிலில் அவர் எனக்கு எதிரே இருந்தார். ஐம்பத்தைந்து வயதிருக்கும். மழுங்கச் சவரம் செய்த முகம், ஸ்திரிக்கை போட்ட சட்டை. வெளியே நெடுஞ்சாலையில் ஏதாவது கார் வேகமாக முந்தும்போதெல்லாம் அவருடைய வலது கால் தானாகவே தரையை அழுத்திப் பிரேக் பிடித்தது. நான் கவனித்ததைக் கண்டுவிட்டார்.

"மகன் மறியலில, ஜெயிலில இருக்கிறான், தங்கச்சி. பார்க்கப் போறன்."

"ஏன் அண்ணை?"

"கார் ஓடினதுக்கு."

இந்த நாட்டுச் சட்டத்தில் அளவுமீறிய வேகம் தண்டப்பணத்தோடு முடிவதில்லை, சிறைவரைக்கும் போகும். மணிக்கு இருநூறு கிலோமீட்டரைத் தாண்டி ஓடியதை மகன் வீடியோ எடுத்துக் கூட்டாளிகளுக்கு அனுப்பியிருக்கிறான். பெயர் சொல்லாமல் யாரோ அதைப் பொலிசுக்கு அனுப்பிவிட்டார்கள் என்றார்.

"ஆர் இப்பிடிக் காட்டிக்குடுத்தது?" என்றேன்.

"நான்தான்," என்றார். "அந்த வீடியோ என்னட்டையும் வந்தது. காரில பக்கத்தில இருந்த பெட்டை நிப்பாட்டு, நிப்பாட்டு எண்டு அழுறாள். இவன் சிரிக்கிறான். முந்தி நானும் எத்தினை தரம் சொல்லியும் கேக்கேல்லை."

"மகனுக்குத் தெரியுமோ?"

"இல்லை. போற நேரமெல்லாம், அப்பா, அது ஆரெண்டு விசாரிச்சனீங்களோ எண்டு கேக்கிறான். விசாரிக்கிறன் எண்டு சொல்லிப்போட்டு வாறன்."

என் நிலையம் வந்தது. "நீங்கள் அவனைக் காப்பாத்தியிருக்கிறியள்," என்றேன்.

"ஓம். அவன் திரும்பி வந்தாப் பிறகு அதை எப்பிடிச் சொல்லுறது?" என்று கேட்டார்.

பதிலுக்காக என்னைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார். கதவு திறந்தது, தலையசைத்துவிட்டு இறங்கிவிட்டேன்.