ஆப்னர் ரென்டி உயிரோடு கொண்டுவந்த ஆள்

ஆப்னர் ரென்டி, க்ரீக் என்ற செவ்விந்தியப் பழங்குடியைச் சேர்ந்த ஒருவரின் பண்ணையில் அடிமையாகப் பிறந்தவன். நாக்கில் முதலில் படிந்தது க்ரீக் மொழி, ஆங்கிலம் அதற்குப் பிறகுதான். அமெரிக்க உள்நாட்டுப் போர் முடிந்து விடுதலை கிடைத்தபோது அவனுக்குப் பதினாறு வயது. கொஞ்ச காலம் உழுதான், கொஞ்ச காலம் மாடு ஓட்டினான். இருபத்தெட்டாவது வயதில் ஆர்கன்சாஸ் ஆற்றுக்கு அந்தப் பக்கம் இருந்த மத்திய கோர்ட்டில் கை உயர்த்தி உறுதிமொழி எடுத்துத் துணை மார்ஷல் ஆனான்.

செவ்விந்தியர்களுக்கென்று ஒதுக்கிய இந்தியர் பிரதேசம் அப்போது தப்பியோடியவர்களின் சொர்க்கம். வெள்ளைக்காரன் ஒருவன் அங்கே கொலை செய்தால் அவனைத் தொட இந்தியர் காவலுக்கு அதிகாரம் இல்லை. டெக்சாஸில் ஆளைக் குத்தியவனும் மிசௌரியில் குதிரை திருடியவனும் வந்து ஒளிந்துகொண்டது அங்கேதான். அவர்களைத் தேடிப் போவது துணை மார்ஷல்களின் வேலை. ஆப்னரோடு அன்றைக்கு உறுதிமொழி எடுத்தவர்கள் ஒன்பது பேர். ஐந்து வருஷத்துக்குள் அவர்களில் நாலு பேர் மண்ணுக்குள் போயிருந்தார்கள். ஒருவனுடைய தலை மட்டும் ஒரு முள்வேலிக் கம்பத்தில் கிடைத்தது.

1883 இலையுதிர் காலத்தில் கனேடியன் என்ற ஆற்றின் கரையில் படகு ஓட்டிக்கொண்டிருந்த ஜூபல் சக்ஸும் அவன் மனைவியும் கோடாரியால் வெட்டிக் கொல்லப்பட்டார்கள். இரண்டு குதிரைகளுக்காக. வெட்டியவன் பெயர் விர்ஜில் ஸ்டாம்ப்ஸ், டெக்சாஸ்காரன், விஸ்கி கடத்துகிறவன். வாரண்ட் ஆப்னர் கைக்கு வந்தது. துணைக்கு டாம் ஹல்புட்டாவைக் கூட்டிக்கொண்டான். டாம் க்ரீக்காரன், தடம் பார்ப்பதில் கெட்டிக்காரன். ஏழு வருஷமாக இரண்டு பேரும் ஒரே போர்வைக்குள் குளிர் காய்ந்தவர்கள்.

பதினெட்டு நாள் தேடினார்கள். லிட்டில் ஆற்றுக்கு மேற்கே ஒரு கள்ளச்சாராயக் குடிசையில் அந்தத் திருட்டுக் குதிரைகள் இரண்டும் கட்டியிருந்தன.

"நான் முன்னால போறேன். நீ பின்னாடி சுத்திப் போ," என்றான் டாம்.

"போன தடவையும் நீதானே முன்னால போன."

"உன் மூஞ்சியப் பார்த்தா கதவைத் திறக்க மாட்டான்யா. என் மூஞ்சி கொஞ்சம் பரவாயில்லை."

டாம் வாசலில் நின்று வழிப்போக்கன் மாதிரிக் குரல் கொடுத்தான். கதவு திறக்கவில்லை. பலகையைத் துளைத்துக்கொண்டு குண்டு வந்து அவன் வயிற்றில் பாய்ந்தது. பின்பக்கம் ஓடிய ஆப்னர் மூலை திரும்பும்போது ஸ்டாம்ப்ஸ் ஜன்னல் வழியாகக் குதித்துக்கொண்டிருந்தான். இருவரும் ஒரே சமயத்தில் சுட்டார்கள். ஆப்னரின் குண்டு காற்றோடு போயிற்று. ஸ்டாம்ப்ஸின் குண்டு ஆப்னரின் வலது கன்னத்தில் நுழைந்து தாடையை உடைத்து நாலு பற்களோடு வெளியே வந்தது.

வலி வருவதற்குள் அவன் ஓட ஆரம்பித்துவிட்டான். சோளக்கொல்லையைத் தாண்டி நாணல் காட்டுக்குள் ஸ்டாம்ப்ஸைப் பிடித்தான். ஸ்டாம்ப்ஸ் கத்தியை உருவினான். அது ஆப்னரின் முன்னங்கையை எலும்பு வரை கிழித்தது. ஆப்னர் துப்பாக்கிக் கட்டையைத் தூக்கி அவன் முழங்கையில் இறக்கினான். காய்ந்த சுள்ளி முறிகிற சத்தம் கேட்டது. கீழே விழுந்தவன் மேல் ஏறி உட்கார்ந்து அதே கையில் இன்னொரு தடவை இறக்கினான். அது தேவையில்லாத அடி. அது அவனுக்கே தெரியும்.

பிறகு துப்பாக்கி முனையை ஸ்டாம்ப்ஸின் கண்ணுக்கு மேல் வைத்தான். அவன் வாயிலிருந்து ஒழுகிய ரத்தம் ஸ்டாம்ப்ஸின் முகத்தில் சொட்டியது.

"சுடேன்டா கருவாயா. எதுக்குக் காத்திருக்க?" என்றான் ஸ்டாம்ப்ஸ்.

சுடத்தான் இருந்தான். அந்த நேரத்தில் முற்றத்திலிருந்து டாம் அவன் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டான். ஒரே ஒரு தடவை. ஆப்னர் ஸ்டாம்ப்ஸைத் தலைமுடியைப் பிடித்து இழுத்துக்கொண்டே ஓடினான்.

டாம் சுவரில் சாய்ந்து உட்கார்ந்திருந்தான். இரண்டு கையாலும் வயிற்றைப் பொத்தியிருந்தான். தண்ணீர் கேட்டான். ஆப்னர் கொடுத்தான்.

"குடிச்ச தண்ணியெல்லாம் ஓட்டை வழியா வெளிய போயிடும், பாரு," என்று சிரிக்கப் பார்த்தான் டாம். ஆப்னரின் முகத்தைப் பார்த்து, "இப்ப உன் மூஞ்சி இன்னும் மோசமாயிடுச்சுய்யா," என்றான். வெயில் சாய்வதற்குள் செத்துப்போனான்.

உடம்பைக் குதிரையில் கட்டி டாமின் வீட்டுக்குக் கொண்டு போனான் ஆப்னர். தாடையைத் துணியால் இறுக்கிக் கட்டியிருந்தான். டாமின் மனைவி சாலி முற்றத்தில் சோளம் குத்திக்கொண்டிருந்தாள். அழவில்லை. புருஷனைப் பார்த்தாள். பின்னால் கட்டியிழுத்து வந்த ஸ்டாம்ப்ஸைப் பார்த்தாள்.

"இவன் இன்னும் மூச்சு விடுறானே. ஏன்?"

கட்டிய தாடையை அசைக்க ஆப்னரால் முடியவில்லை. அவள் உலக்கையைத் தூக்கிக்கொண்டு நடந்து வந்தாள்.

"நகருங்கண்ணே."

அவன் குறுக்கே நின்றான். உலக்கை அவன் தோளில் விழுந்தது. இரண்டாவது அடி விழுந்தபோது முட்டி போட்டான். ஆனாலும் நகரவில்லை. மூன்றாவதற்கு அவளே உலக்கையைக் கீழே போட்டுவிட்டு உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள்.

ஆற்றுக்கு அந்தப் பக்கம் கோர்ட்டுக்குப் போய்ச் சேரக் கைதி வண்டியில் ஆறு நாள். வண்டியை ஓட்டியது பிளெவின்ஸ் என்ற சமையல்காரன். மூன்றாம் நாள் உச்சிவெயிலில் ஒரு ஓடையைக் கடக்கும்போது எதிரே ஐந்து குதிரைகள் நின்றன. முன்னால் இருந்தவன் வைலி சக்ஸ், கொலையான படகுக்காரனின் தம்பி. ஆப்னருக்கு நன்றாகத் தெரிந்தவன். எத்தனையோ தடவை அந்தப் படகுத்துறையில் ஆப்னரின் கையில் சூடான காப்பியைத் திணித்தவன். இப்போது அவன் கையில் ஒரு கோடாரி இருந்தது. பக்கத்தில் இருந்தவன் மண்ணெண்ணெய் டப்பா வைத்திருந்தான்.

பிளெவின்ஸ் வண்டியிலிருந்து குதித்து நாணலுக்குள் மறைந்தான். பிறகு யாரும் அவனைப் பார்க்கவில்லை.

"ஆப்னர், உன் மேல எனக்குக் கோபம் இல்ல. அவனக் குடுத்துட்டுப் போ," என்றான் வைலி.

ஆப்னர் தாடையில் கட்டியிருந்த துணியைக் கொஞ்சம் தளர்த்தினான். ஒவ்வொரு சொல்லும் ரத்தத்தோடு வந்தது. "திரும்பிப் போயிடுங்க. சுட்டுடுவேன்."

"என் அண்ணியோட தல எந்தப் பக்கம் கிடந்துச்சுன்னு நீ பார்த்தியா? நான்தான் பொறுக்கி எடுத்தேன்."

"சுட்டுடுவேன். திரும்பிப் போங்க."

வைலி குதிரையை வண்டியோடு ஒட்டி நிறுத்திச் சக்கரத்தில் கால் வைத்து ஏறினான். உள்ளே சங்கிலியில் கிடந்த ஸ்டாம்ப்ஸ் பலகையோடு ஒட்டிக்கொண்டான். வைலி கோடாரியைத் தலைக்கு மேல் தூக்கினான்.

"வைலி, இறங்கு."

வைலி இறங்கவில்லை. ஆப்னர் இரட்டைக்குழல் துப்பாக்கியை அவன் தொடைக்குத் தாழ்த்திச் சுட்டான். அத்தனை கிட்டத்தில் சுட்டதில் கால் தோலில் மட்டும்தான் தொங்கியது. மற்ற நாலு பேரும் சுட ஆரம்பித்தார்கள். ஆப்னர் இரண்டு குதிரைகளைச் சாய்த்தான், ஒருவனுடைய காதைப் பிய்த்தான். மீதியிருந்த குதிரைகளில் அவர்கள் வைலியைத் தூக்கிப் போட்டுக்கொண்டு போனார்கள். அவன் கத்திய சத்தம் மேடு தாண்டியும் கேட்டது.

ஒன்பதாம் நாள் கால் அழுகி வைலி செத்துப்போனான். கூட வந்தவர்களில் இரண்டு பேர், எந்த எச்சரிக்கையும் கொடுக்காமல் மார்ஷல் சுட்டான் என்று சத்தியம் செய்தார்கள். ஸ்டாம்ப்ஸைக் கொண்டுவந்து ஒப்படைத்த பதினைந்தாம் நாள் ஆப்னர் மீதே கொலைக் குற்றம் சாட்டினார்கள். பேட்ஜைக் கழற்றி வாங்கிக்கொண்டு, அவன் கைதிகளை அடைத்த அதே நிலவறையில் அவனையும் அடைத்தார்கள்.

உள்ளே இருந்தவர்களில் பதினோரு பேர் அவன் பிடித்துக் கொடுத்தவர்கள். முதல் நாளே வரவேற்றார்கள். மூன்று விலா எலும்பு முறிந்தது. ஆற ஆரம்பித்த தாடையில் ஒருவன் குதிகாலால் மிதித்தான். மூலையில் கட்டுப்போட்ட கையோடு உட்கார்ந்திருந்த ஸ்டாம்ப்ஸ் எல்லாவற்றையும் பார்த்தான். எழுந்திருக்கவும் இல்லை, சிரிக்கவும் இல்லை. மூன்று மாதம் அந்த ஈரக் கல்லில் இருவரும் பத்தடி தூரத்தில் படுத்தார்கள்.

ஆப்னரின் வழக்கு விசாரணைக்கு வந்த அன்று, வண்டியில் இருந்த ஒரே சாட்சி என்று ஸ்டாம்ப்ஸைக் கூப்பிட்டார்கள். ஆப்னருக்கு நம்பிக்கையே இல்லை. பொய் சொல்ல அவனுக்கு ஆயிரம் காரணம் இருந்தது.

"மூணு தடவ சொன்னான்," என்றான் ஸ்டாம்ப்ஸ். "முதல் ரெண்டு தடவ மரியாதையா. மூணாவது தடவ பேரச் சொல்லிக் கூப்பிட்டான். 'வைலி, இறங்கு'ன்னான். அவன் இறங்கல."

"உன் கையை உடைச்சவன் இவன்தானே?" என்று கேட்டார் அரசு வக்கீல்.

"ஆமா. இவன் தாடையை உடைச்சவன் நான். இவன் கூட்டாளியைக் கொன்னவனும் நான். அதுக்கும் நான் சொன்னதுக்கும் என்ன சம்பந்தம்?"

ஜூரி அரை மணி நேரத்தில் ஆப்னரை விடுவித்தது. அடுத்த மாதம் அதே அறையில் ஸ்டாம்ப்ஸுக்குத் தூக்கு விதித்தார்கள்.

பேட்ஜ் திரும்பக் கிடைத்த அன்றே ஆப்னர் நிலவறைக்கு இறங்கிப் போனான். கம்பிக்கு வெளியே நின்றான்.

"ஏன் சொன்ன?"

"நடந்ததுதானே." ஸ்டாம்ப்ஸ் கையைச் சொறிந்துகொண்டான். "நன்றி கின்றின்னு சொல்லிடாத, எனக்கு வாந்தி வரும். அவனுங்க என்னை எரிச்சிருப்பானுங்க. கயிறு பரவாயில்ல. அவ்வளவுதான்."

"டாமோட பொண்டாட்டி இருக்கா. அவகிட்ட ஏதாவது சொல்லணுமா?"

"அவ உலக்கையை நீ ஏன் தடுத்த? அத முதல்ல போய் அவகிட்ட சொல்லு. எனக்கு ஒண்ணும் இல்ல."

ஆப்னர் ஏப்ரல் மாதத்தில் தூக்கைப் பார்க்கப் போனான். முடிச்சு சரியாக விழவில்லை. கழுத்து முறியாமல் ஸ்டாம்ப்ஸ் பதினோரு நிமிஷம் துடித்தான். வேடிக்கை பார்க்க வந்தவர்களில் பாதிப் பேர் இடையிலேயே திரும்பிப் போனார்கள். கால் அசைவு நிற்கும்வரை ஆப்னர் நின்றான்.

அடுத்த வாரம் சாலியிடம் போனான். உலக்கை சம்பவத்துக்குப் பிறகு அன்றுதான் முதல் தடவை. அவள் உட்காரச் சொல்லிப் புளித்த சோளக்கஞ்சி ஊற்றி வைத்தாள்.

"பார்த்தீங்களாண்ணே?"

"பார்த்தேன்."

"கஷ்டப்பட்டானா?"

இல்லை என்று சொல்லிவிடலாமா என்று ஒரு கணம் தோன்றியது. "ரொம்ப," என்றான்.

சாலி தன் கைகளைப் பார்த்துக்கொண்டிருந்தாள். "கேட்டா ஆறும்னு நெனச்சேன்," என்றாள். ஏன் தடுத்தேன் என்று சொல்ல ஆப்னர் வாயெடுத்தான். கேட்கிற நிலையில் அவள் இல்லை என்று தெரிந்ததும் கஞ்சியைக் குடித்துவிட்டுக் கிளம்பினான்.

அதற்குப் பிறகு பதினான்கு வருஷம் அவன் அந்த வேலையில் இருந்தான். இன்னும் மூன்று பேரைச் சுட்டுக் கொன்றான், எண்ணற்றவர்களை உயிரோடு கொண்டுவந்தான். படகுத்துறைப் பக்கம் போகும்போதெல்லாம் வைலியின் விதவை லோரினா கடைவாசலில் எதிர்ப்பட்டால் அவன் சட்டையில் துப்புவாள். ஒரு தடவை, உடன் வந்த புதுத் துணை மார்ஷல் அவளைத் தடுக்கப் போனான்.

"விடு," என்றான் ஆப்னர். "அவ புருஷன் நல்ல ஆளு. நான்தான் கொன்னேன்."

அவள் தெரு திரும்பிப் போகும்வரை நின்றுவிட்டுத்தான் சட்டையைத் துடைத்துக்கொண்டான்.