கொழுந்து மாடியில் வைத்த படம்

இலங்கை மலைநாட்டில் லிந்துலைப் பக்கத்துத் தேயிலைத் தோட்டம் ஒன்றில், ஸ்டோர் என்கிற தொழிற்சாலையின் மாடியில் கொழுந்து வாட்டும் வேலை அழகுமுத்துவுக்கு. அவனுக்குத் தன் தாயின் முகம் தெரியாது. அவன் நடை பழகுவதற்கு முன்பே காளியாயி காய்ச்சலில் போய்விட்டாள். ஒரு போட்டோ கிடையாது. கொழுந்து பறிக்கிறவளை அந்தக் காலத்தில் யார் போட்டோ பிடித்தார்கள்? துரை வளர்த்த நாய்க்கு இருந்தது போட்டோ, காளியாயிக்கு இல்லை.

ஆனால் அவள் ஒரு சினிமாவில் இருந்தாள். கதை கட்டவில்லை, நிஜம். அழகுமுத்து கைக்குழந்தையாக இருந்த வருஷம், சீமையிலிருந்து ஒரு கூட்டம் வந்து பங்களாவில் தங்கி, பேசாத படம் ஒன்று எடுத்தது. யுத்த காலத்து உளவாளிக் கதை. நர்ஸ் வேஷத்தில் எதிரி நாட்டுக்குள் புகுந்த ஒருத்தி பாலத்தில் மாட்டிக்கொண்டு சுடப்படுகிறாள். வேட்டுச் சத்தத்தில் ஊர்ச் சனம் சிதறி ஓடவேண்டும். சனத்துக்கு எங்கே போவது? காலையில் பேர் கொடுக்கும் பெரட்டுக்களத்தில் வேலைக்கு நின்ற பெண்களைக் கூட்டிப்போய், முக்காடும் கம்பளிப் பாவாடையும் மாட்டி, சீமைக் குடியானவர்களாக்கி ஓடவிட்டார்கள். காளியாயி ஓடினாள், அவள் அக்காள் பேச்சியம்மாவும் ஓடினாள். பிறகு படத்தின் பிரதி ஒன்று பங்களாவுக்கு வந்தது. துரைமார் போட்டுப் பார்த்துக்கொண்டார்கள். ஓடியவர்களுக்கு யார் காட்டினார்கள்!

சுதந்திரம் வந்து சில வருஷங்களில், அன்றைக்குச் சின்னத்துரையாக இருந்து பெரிய துரையானவர் சீமைக்குத் திரும்ப மூட்டை கட்டினார். சாமான்களுக்குள் அந்தப் படத்தின் தகர டப்பாக்கள் கிடந்தன. செய்தி கேட்ட அழகுமுத்து, பங்களாப் படியில் போய் நின்றான்.

"ஐயா, அதுல எங்க அம்மா இருக்காங்க."

துரை டப்பாக்களை எடுத்து வந்தார். சீமையில் இருந்த பிரதியெல்லாம் அழிந்துவிட்டது, உலகத்தில் மிச்சம் இது ஒன்றுதான், பத்திரம் என்று சொல்லி அவன் கையிலேயே கொடுத்துவிட்டார்.

பத்திரம் என்றால் அவனுக்குச் சொல்லித் தரவேண்டுமா? மலைநாட்டு மூட்டத்தில் எதுதான் பூசணம் பிடிக்காமல் இருக்கிறது! செருப்பில் பிடிக்கும், சாமி படத்தில் பிடிக்கும், குடியிருக்கும் லயத்துச் சுவரெல்லாம் பச்சை பிடித்துக் கிடக்கும். தோட்டத்திலேயே ஈரம் அண்டாத இடம் அடுப்புக் காற்று ஏறுகிற கொழுந்து மாடிதான். ஸ்டோரை நடத்தும் டீமேக்கரிடம் கெஞ்சிக் கூத்தாடி, டப்பாக்களைச் சாக்கில் சுற்றி, அனல் நன்றாக ஏறும் மூலையில் வைத்தான். அடிக்கடி தொட்டுப் பார்ப்பான். கதகதவென்று இருந்தால்தான் மனசு ஆறும்.

"என்னண்ணே, அம்மா சொகமா?" என்று கூட வேலை செய்கிறவர்கள் கேலி பேசுவார்கள்.

"சொகந்தான்டா. குளிரில்லாம இருக்காங்க."

பெரியம்மா பேச்சியம்மாவைத்தான் நச்சரிப்பான், அம்மா எப்படி ஓடினாள் என்று. "அதான் படம் இருக்கே, பாத்துக்க" என்று அவள் முகத்தைத் திருப்பிக்கொள்வாள்.

படம் காட்டும் மிஷின் கிடைப்பதற்குள் அழகுமுத்துவுக்கு நரை தட்டிவிட்டது. அட்டன் பள்ளிக்கூடத்து வாத்தியார் றோலண்ட் ஒரு ஞாயிற்றுக்கிழமை எங்கேயோ இரவல் வாங்கிக்கொண்டு வந்தார். வேலைக்குப் போகிறவர்கள் பிள்ளைகளை விட்டுப்போகும் பிள்ளைக்காம்பராவில் வெள்ளை வேட்டியைக் கட்டி, ஜன்னலுக்குச் சாக்குப் போட்டார்கள். தோட்டமே கூடிவிட்டது. வெளுத்த சட்டை போட்டுக்கொண்டு பெரியம்மாவோடு முன்னால் உட்கார்ந்தான் அழகுமுத்து.

வாத்தியார் முதல் டப்பாவைத் திறந்தார். குப்பென்று நாற்றம் அடித்தது. சுருளாக எதுவும் இல்லை. பாகு மாதிரி ஒட்டிக்கிடந்தது, ஓரமெல்லாம் பழுப்புத் தூள். அடுத்த டப்பாவும் அப்படியே. எல்லாமே அப்படித்தான்.

"எங்கண்ணே வச்சிருந்தீங்க?"

"கொழுந்து மாடியிலங்க. ஈரம் படாம, சூடா..."

வாத்தியார் தலையைக் குனிந்துகொண்டார். "இதுக்குச் சூடுதாண்ணே ஆகாது."

அடக் கடவுளே, தேயிலைக்காரனுக்கு வேறென்ன தெரியும்! கெட்டுப்போகாமல் இருக்க அவன் அறிந்த வழி அது ஒன்றுதானே. சனம் சத்தமில்லாமல் எழுந்து போனது. அழகுமுத்து டப்பாவை மடியில் வைத்துக்கொண்டு விம்மி விம்மி அழுதான்.

"நானே அழிச்சிட்டேன் பெரியம்மா. அம்மா மொகத்த நானே அழிச்சிட்டேன்."

"அதுல அவ இருந்தாளான்னே எனக்குத் தெரியாதுடா" என்றாள் பேச்சியம்மா. "அதான் இத்தன நாளு வாயத் தொறக்கல."

அவன் நிமிர்ந்து பார்த்தான்.

"படம் புடிக்கிற பெட்டியப் பாக்காம ஓடணும்னு கங்காணி சொன்னாரு. நாங்க எல்லாரும் ஓடுனோம். அவ மட்டும் ஓடிக்கிட்டே திரும்பிப் பாத்தா. படக்காரத் துரை கத்துனாரு. மறுபடி ஓடவிட்டாரு. மறுபடியும் பாத்தா. எத்தன தடவ ஏசுனாலும் பாத்தா. கடைசியில, படத்துல அவ வர்ற துண்ட வெட்டிப் போட்டுடுவாங்கன்னு கங்காணி சொல்லிட்டாரு."

"ஏன் பெரியம்மா, பெட்டியப் பாக்க அவ்வளவு ஆசையா அம்மாவுக்கு?"

"அவ பெட்டிய எங்கடா பாத்தா? பெட்டிக்குப் பக்கத்துல கொழுந்துப் படங்குச் சாக்க விரிச்சு உன்னையப் போட்டிருந்தோம். நீ அழுதுகிட்டுக் கெடந்தே."