கன்னடத்தில் ஒரு தடவை

எனக்கு எதையும் நாளோடு குறித்து வைக்கும் பழக்கம். கன்னட நாட்டு எல்லைக்குள் இருக்கும் ராமாபுரத்துத் தமிழ் விவசாயியை முதலில் படம் பிடித்தது ஒரு செவ்வாய், காலை ஏழேகால் மணி. இரண்டாம் தடவை, ஒன்பது வாரம் கழித்து, ஒரு சனி. அந்தச் சனிக்கிழமைதான் என் ஆவணப்படத்தை நானே கெடுத்தேன்.

செவ்வாயன்று அவர் பனியனோடு, யானை மிதித்த மக்காச்சோளக் காட்டில் நின்று தமிழில் பேசினார். "வருசா வருசம் வருதுங்க. மச்சான் மொறைன்னு நெனப்பு. தின்னுட்டுப் போனாத் தொலையுது, உருண்டு பொரண்டுட்டுப் போகுதுங்க." கேமராவை அவர் பார்க்கவே இல்லை. இத்தனை வருடத் தொழிலில் எனக்கு அப்படி நாலு நிமிடம் வாய்த்ததில்லை.

படத்தை வாங்க முன்வந்தது ஒரே ஒரு கன்னட சேனல். அங்கே தேர்வு செய்யும் அம்மையார் வீட்டில் தமிழ் பேசுபவர்தான். "சென்னாகிதே சார், ரொம்ப நல்லா இருக்கு. ஆனா நம்ம ஆடியன்ஸ் கன்னடம். அவரையே கன்னடத்துல பேச வெச்சிடுங்களேன்" என்றார். கீழே கன்னடத்தில் எழுத்துப் போடுகிறேன் என்றேன். "யார் சார் படிப்பாங்க?"

விஜயநகரில் என் வீட்டிலிருந்து ராமாபுரத்துக்கு மறுபடி காரை எடுத்தேன். கன்னடத்தில் என்றதும் அவர் வீட்டுக்குள் போய் வெள்ளைச் சட்டை மாட்டி, கழுத்துவரை பித்தான் போட்டு வந்தார். கையைக் கட்டிக்கொண்டு தன் பெயர், தகப்பனார் பெயர், சர்வே நம்பர், சேதம், தாங்கள் தயவு செய்ய வேண்டும் என்று முடித்தார். கன்னடம் அவருக்குத் தாலுகா ஆபீசில் பேசுகிற பாஷை. இது எனக்கு முன்பே தோன்றியிருக்க வேண்டும்.

"அன்னைக்குச் சொன்ன மாதிரி சொல்லுங்க."

"அது நாம நமக்குள்ள பேசறதுங்க."

மாட்டுக்குத் தண்ணீர் காட்டிக்கொண்டிருந்த அவர் மனைவி சொன்னார்: "அன்னைக்கு ஆனைய அந்தத் திட்டுத் திட்டுனாரு. இன்னைக்குக் கும்புடறாரு பாருங்க."

நாலு தடவை எடுத்தேன். நாலும் மனுதான். வேறு வழியில்லாமல் நாலாவதைச் சேர்த்து அனுப்பினேன்.

"இப்ப க்ளியரா இருக்கு சார்" என்றார் அம்மையார்.

ஒரு ஞாயிறன்று ஒளிபரப்பானது. அடுத்த வாரம் புதன், பதினொரு மணிக்கு விவசாயி போன் செய்தார்.

"டிவில பாத்தனுங்க. ஆபீசுல இருந்து இன்னும் ஆரும் வரலீங்களே?"

அது மனு இல்லை, படம் என்று விளக்கினேன். பொறுமையாகக் கேட்டுக்கொண்டார்.

"செரிங்க. எந்தத் தேதில குடுத்தீங்கன்னு சொல்லுங்க, நேர்ல போயிக் கேட்டுக்கறேன்."

என் நோட்டு எதிரிலேயே திறந்து கிடந்தது. படம் பிடித்த தேதி, வெட்டி ஒட்டிய தேதி, எல்லாம் அதில் இருந்தன. ஒளிபரப்பான தேதியைச் சொன்னேன். மனைவியிடம் அவர் பேனா கேட்பது காதில் விழுந்தது.