பாவாயி மேடையில் சொன்னது

அரியூர் நாட்டு மலைக்கிராமங்களில் பாவாயியின் வாயில் விழாதவர்கள் குறைவு. மரவள்ளிக் கிழங்கு பிடுங்கும் கூட்டத்தில் அவள் இருந்தால் இடுப்பு வலி தெரியாமல் பொழுது போய்விடும். 2006-இல் டிவிக்காரர்கள், இரண்டு பேரை எதிரெதிரே நிறுத்தி ஒருவரையொருவர் நக்கலடிக்க வைக்கும் போட்டிக்குச் சேலத்தில் ஆள் எடுத்தார்கள். அங்கன்வாடியில் வேலை பார்த்த பானுமதி அவளை விடாப்பிடியாகக் கூட்டிப்போனாள்.

புருஷன் சென்றாயன் தடுக்கவில்லை. அவனுக்கும் ஊரில் ஒரு பெயர் இருந்தது. மூன்று வருடம் முன்பு பலாக்காட்டில் ஒரு கரடி பாவாயியின் கழுத்தோரம் கடித்துத் தோளைக் கிழித்தபோது, கொடுவாளோடு பாய்ந்து அதை விரட்டியவன் அவன்தான் என்று எல்லோரும் நம்பினார்கள். கோயில் நோம்பியில் அவனுக்குத் தலைப்பாகை கட்டினார்கள். பாவாயி ஒருநாளும் மறுத்துப் பேசியதில்லை.

மேடையில் அவளுக்கு எதிரே நின்றவன் ஓர் ஆட்டோக்காரன். அவள் கழுத்தோரத் தழும்பைக் காட்டி, வாயை அடக்க முடியாமல் புருஷன் கடித்து வைத்தானா என்று கேட்டான். அரங்கம் சிரித்தது. பாவாயிக்குச் சுருக்கென்றது.

“எங்க ஊட்டுக்காரரு கடிக்கற ஆளில்லீங்க. கரடி என்னையக் கடிக்கையில பலா மரத்து மேல உக்காந்துக்கிட்டு, ‘பாவாயி, அது போயிருச்சா’ன்னு கேட்ட ஆளுங்க.”

கூட்டம் எழுந்து நின்று கைதட்டியது. சுற்றில் அவளே ஜெயித்தாள். மலை ஏறும் பஸ்ஸில்தான், புருஷன் இதை டிவியில் பார்த்துவிட்டால் என்ன செய்வது என்று அவள் கேட்டாள். அதையெல்லாம் வெட்டிவிட்டுத்தான் போடுவார்கள் என்று பானுமதி தைரியம் சொன்னாள்.

வெட்டவில்லை. ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் டீக்கடை டிவியில் அது வந்தது. சென்றாயன் முன்வரிசையில் உட்கார்ந்திருந்தான். சிரிப்பு அடங்கியதும் சின்னுசாமி என்பவன், மரத்தைவிட்டு எப்போது இறங்கினாய் என்று கேட்டான். சென்றாயன் கையிலிருந்த கண்ணாடி டம்ளரை அவன் வாயிலேயே அடித்து உடைத்தான். ரத்தம் ஒழுகிய கையோடு வீட்டுக்கு நடந்தான்.

பாவாயி களி கிண்டிக்கொண்டிருந்தாள். அவன் நேரே உள்ளே நுழைந்தான். கூரை எரவாணத்திலிருந்து கொடுவாளை உருவி ஓங்கினான். தடுத்த இடக்கையில் வெட்டு எலும்புவரை இறங்கியது. அடுத்த வெட்டு குறி தப்பி நிலைப்படியில் பதிந்தது. அவன் அதைப் பிடுங்குவதற்குள் அவள் கொதிக்கிற களிச்சட்டியை அவன் முகத்தில் கவிழ்த்தாள். களி தோலைவிட்டு வராமல் ஒட்டிக்கொண்டு வேகவைத்தது. கண் தெரியாமல் அலறியபடியே அவன் அவள் வயிற்றில் உதைத்தான். பாவாயி ஒற்றைக் கையால் கொடுவாளைப் பிடுங்கி எடுத்தாள்.

“வேண்டாஞ் சாமி,” என்றான் சென்றாயன், தரையில் கிடந்து.

கழுத்தைத்தான் அவள் பார்த்தாள். பிறகு வாளின் முதுகைத் திருப்பி அவன் முழங்காலில் இரண்டு முறை இறக்கினாள். ஆட்கள் ஓடிவந்தபோது இருவருடைய ரத்தமும் கலந்து வாசல்வரை வந்திருந்தது.

அவளுக்கு இடக்கையில் இரண்டு விரல்கள் மடங்காமலே போயின. அவனுக்கு வலக்கண் போயிற்று. மேடையில் பேசியது பொய், சும்மா சிரிக்க வைக்கச் சொன்னது என்று அவள் சபையில் சொல்லிவிட்டால் கேஸை முடித்துக்கொள்ளலாம் என்று ஊர்க்கவுண்டர் ஆள் அனுப்பினார்.

“சிரிக்கறதுக்குத்தானுங்க சொன்னேன். பொய் சொல்லலீங்க,” என்று சொல்லி வந்த ஆளை அனுப்பிவிட்டாள்.

அடுத்த சுற்றுக்கு டிவிக்காரர்கள் கூப்பிட்டார்கள். நடந்ததையும் மேடையில் வேடிக்கையாகச் சொல்ல முடியுமா என்று கேட்டார்கள். அவள் போகவில்லை.

சென்றாயன் ஜெயிலிலிருந்து வந்து, அதே மலையில் குண்டனி நாட்டில் அக்கா அத்தாயி வீட்டோடு தங்கிவிட்டான். ஒருமுறை செம்மேட்டில் பாவாயி பஸ் ஏறியபோது அவன் உள்ளே உட்கார்ந்திருந்தான். அவன் பக்கத்து சீட் மட்டுமே காலி. அவன் ஜன்னலோரம் ஒடுங்கி இடம் விட்டான். பாவாயி கம்பியைப் பிடித்துக்கொண்டாள். இறங்கும்வரை நின்றுகொண்டே போனாள்.